சுவருக்குள் ஒரு தும்மல்

அத்தியாயம் 11

இறந்துபோனவர் பேசிக்கொண்டிருந்தார். எங்களோடு இல்லை. இன்ஸ்பெக்டரின் மேஜைமேல் இருந்த சின்ன ரெக்கார்டருக்குள்ளிருந்து, வேறு யாரோடோ.

"யாரு அது?" என்றது குரல். களைத்துப்போன, ஆனால் மரியாதையான குரல். "யாரு தும்மினது?"

கொஞ்ச நேரம் ஒன்றும் இல்லை.

"ஆம்பளைத் தும்மலாச்சே..."

இன்ஸ்பெக்டர் எங்களைப் பார்த்துப் புருவத்தை உயர்த்தினார். பிறகு பட்டனை அழுத்தி நீண்ட மௌனம் ஒன்றைத் தாண்டினார்.

"பல்லி? நீயா? நீ எப்படி இங்கே?" இடைவெளி. "அழாதே. முதல்ல அழறதை நிறுத்து." மறுபடி இடைவெளி. "தள்ளிப் பார்த்துட்டேன்மா. நகரலை."

இன்ஸ்பெக்டர் ரெக்கார்டரை நிறுத்தினார். "இதுக்கு மேல இன்னும் ரெண்டு பேச்சு. அப்புறம் மூச்சு. அப்புறம் அதுவும் இல்லை. போதுமா டீச்சர்?"

டீச்சர் பிணத்தை எடுத்த போட்டோக் கட்டைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டார். அவர் ஒரு காலத்தில் கணக்கு டீச்சர். பள்ளிக்கூடத்தை விட்டுத் துப்பறிய வந்து வருஷக்கணக்கான பிறகும், எதிரில் இருப்பவர் வீட்டுப்பாடம் செய்யாமல் வந்தவர் என்ற நினைப்பிலேயே பார்ப்பார். நான் அவருடைய உதவியாளன். ஓட்டைவாய் என்பது அவர் எனக்கு வைத்த பெயர். என் மனைவியும் இப்போது அப்படித்தான் கூப்பிடுகிறாள். டீச்சர் செய்த கெடுதல்களில் அதுவும் ஒன்று.

பல்லி யார் என்பதில் யாருக்கும் சந்தேகம் இல்லை. செத்துப்போன பேராசிரியரின் மனைவி பல் டாக்டர். அவர் செல்லமாக அவளைப் பல்லி என்று கூப்பிடுவது கிளினிக்கில் மருந்து எடுத்துக் கொடுக்கும் பெண் வரைக்கும் தெரிந்த விஷயம்.

"கேஸ் சுலபம்," என்றார் இன்ஸ்பெக்டர். "சோதனைக்கூடத்துல காத்து புகாத ஒலி அறை. ஆள் உள்ளே இருக்கும்போது வெளியே தாழ்ப்பாள் விழுது. சத்தம் போட்டா வெளியே கேட்காது. விடுமுறை முடிஞ்சு திறந்தா பிணம். உள்ளே ஓடின ரெக்கார்டர்ல பெண்டாட்டி கூடப் பேசுறார். கூட ஒரு ஆம்பளையும் தும்மியிருக்கான். அந்த அம்மா அன்னிக்குச் சாயங்காலம் வந்ததை வாட்ச்மேன் பார்த்திருக்கான், போனதைப் பார்க்கல. இன்னிக்குச் சாயங்காலம் அரெஸ்ட் பண்றேன்."

"ஒரு சந்தேகம்," என்றார் டீச்சர். "புருஷன் குரல் இருக்கு. பெண்டாட்டி குரல் எங்கே?"

"கதவுல சின்னக் கண்ணாடி இருக்கு. ஜாடை காட்டியிருப்பா."

"வாட்ச்மேன் கரண்ட் மெயினை அணைச்சாச்சு. உள்ளே கும்மிருட்டு."

"டார்ச் வெச்சிருப்பா."

"அழுகையையும் டார்ச் அடிச்சுக் காட்டினாங்களாக்கும்," என்றேன் நான்.

இன்ஸ்பெக்டர் என்னை முறைத்தார். டீச்சர் என் காலை மிதித்தார். இரண்டும் எனக்குப் பழகிப்போனவை.

டீச்சர் போட்டோக்களைப் புரட்டிக்கொண்டிருந்தார். ஒன்றில் கை நின்றது. பேராசிரியரின் முகம், பக்கவாட்டில். இடது காது மட்டும் வெள்ளையாக இருந்தது.

"பவுடர் போட்டிருப்பாரு," என்றேன்.

"காதுக்கு மட்டுமா?" என்றார் டீச்சர், எழுந்துகொண்டே.

*

சோதனைக்கூடம் ஒரு நீண்ட நடைக்கூடம். தரை முழுக்க ரப்பர் விரிப்பு. அதில் நடந்தால், நாம் இருக்கிறோமா என்று நமக்கே சந்தேகம் வந்துவிடும். கடைசியில் அந்தக் கதவு. ஒரு முழம் கனம். கதவுக்குப் பக்கத்தில், தோள் உயரத்தில், ஓர் ஆணி.

"இந்த ஆணிதான் சார் எங்களுக்குச் சட்டம்," என்றார் வாட்ச்மேன். அழுது வீங்கிய கண்கள். "உள்ளே போறவங்க கைக்கடிகாரத்தைக் கழட்டி இதுல மாட்டிட்டுத்தான் போகணும். அந்த டிக் டிக் கூட உள்ளே போகக் கூடாது. போன் எல்லாம் அவங்கவங்க மேஜையில. கடிகாரம் தொங்கினா ஆள் உள்ளே இருக்காங்கன்னு அர்த்தம், கிட்டேயே வர மாட்டேன். ஆணி காலியா இருந்தா தாழ்ப்பாள் போட்டு மெயினை அணைச்சுட்டுப் போவேன்."

"கதவைத் திறந்து பார்க்கறதில்லையா?"

"திறந்தா வேலை கெட்டுப்போகும்னு திட்டுவாங்க சார். கதவுக் கண்ணாடியில எட்டிப் பார்த்தா மூலை தெரியாது. அன்னிக்கு வராந்தா விளக்கு போடறப்ப ஐயா கடிகாரம் தொங்கிச்சு. என் கண்ணால பார்த்தேன். பூட்ட வந்தப்ப இல்லை. கிளம்பிட்டார்னு நினைச்சேன். என் கையாலதான்..."

தாழ்ப்பாள் போட்ட அந்தக் கையை முதுகுக்குப் பின்னால் மறைத்துக்கொண்டார். டீச்சர் அவர் தோளைத் தொட்டார். மனிதர்களைத் தொடுவது டீச்சரின் வழக்கம் இல்லை.

ஆக, யாரோ அந்தக் கடிகாரத்தை ஆணியிலிருந்து எடுத்திருக்கிறார்கள். கொலை என்பது அவ்வளவுதான். அந்தக் கடிகாரம் பேராசிரியரின் மேஜை டிராயரில், ஒரு மஞ்சள் துணியில் சுற்றிக் கிடைத்தது. டீச்சர் போலீஸிடமிருந்து அதைத் துணியோடும், கூடவே ரெக்கார்டரையும் வாங்கி வந்திருந்தார்.

பேராசிரியரின் கூட்டாளி எங்களுக்காகக் காத்திருந்தார். எல்லோரும் அவரைப் பஞ்சு என்கிறார்கள். வெளிச் சத்தம் பட்டால் காது கெட்டுவிடும் என்று எந்நேரமும் இரண்டு காதிலும் பஞ்சு. கல்யாணமாகாதவர், ஆகியிருந்தால் அந்தப் பஞ்சின் அருமை இன்னும் தெரிந்திருக்கும்.

"அவனோட கொள்கையைக் கேட்டீங்களா?" என்று சிரித்தார் பஞ்சு. "தங்கொலின்னு பேர் வெச்சான். சத்தம் சாகாதாம். அவன் சுட்டுச் சுவர்ல பதிச்ச ஓட்டுல வாயை ஒட்டிப் பேசினா, சத்தம் ஓட்டுக்குள்ளே போய்த் தங்குமாம். வேற ஒரு நாள் காதை வெச்சா கேட்குமாம். நானும் எத்தனையோ தடவை காதை வெச்சேன். என் காது வலிச்சதுதான் மிச்சம்."

"ரெக்கார்டரைப் போலீஸ்ல கொடுத்தது நீங்கதானே?"

"கடமை இல்லையா?" என்றார் பஞ்சு.

*

உள்ளே போய் டீச்சர் கதவைச் சாத்தியதும் எனக்குப் பேச்சு நின்றுபோனது. என்னை அறிந்தவர்கள் இதை நம்ப மாட்டார்கள்.

அமைதி என்று நாம் சொல்வதெல்லாம் அமைதியே இல்லை. அங்கே என் இதயம் பக்கத்து வீட்டுக்காரன் சுவரில் இடிப்பதைப் போல எனக்கே கேட்டது. வயிற்றில் மதியச் சாப்பாடு நகர்வது கேட்டது. கண் இமைப்பதற்குக்கூட ஒரு சத்தம் உண்டு என்று அன்றுதான் தெரிந்துகொண்டேன். நான்கு சுவரிலும் வெள்ளை ஓடுகள், மெருகேற்றாதவை. தொட்டால் கையில் மாவாக ஒட்டின. அறை நடுவே ஒரு முக்காலி. ரெக்கார்டர் அதன்மேல்தான் இருந்ததாம்.

டீச்சர் டார்ச்சோடு சுவரை வரிசையாகப் பார்த்துக்கொண்டே போனார். மூலையில், தரையிலிருந்து கொஞ்சம் மேலே, ஓர் ஓட்டில் மட்டும் பழுப்பாக வட்டக் கறை.

"மோந்து பாரு."

"டீச்சர், நான் உதவியாளன். நாய் இல்லை."

"நாய் இவ்வளவு பேசாது. பாரு."

மண்டியிட்டு மூக்கைச் சுவரில் ஒட்டினேன். ஹேர் ஆயில். ஒரு மனிதன் தலையை மணிக்கணக்கில் சாய்த்து வைத்திருந்தால்தான் இப்படிக் கறை படியும். இருட்டில், காற்று குறைந்துகொண்டே வரும்போது, பாவம், இங்கே காதை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார். அதைச் சொல்லத்தான் வாயைத் திறந்தேன். அதற்குள் அந்த வெள்ளைப் பொடி மூக்கில் ஏறிவிட்டது.

தும்மினேன். என் தும்மல் சாதாரணத் தும்மல் இல்லை. அதற்குப் பயந்து பஸ்ஸில் என் பக்கத்து சீட் எப்போதும் காலி. ஆனால் இந்த அறையில் அது சுவரில் பட்டு, பட்ட இடத்திலேயே காணாமல் போனது. எதிரொலியே இல்லை. சுவர் அதை விழுங்கிவிட்டது.

மூக்கைத் துடைத்துக்கொண்டு திரும்பினேன். டீச்சர் அசையாமல் நின்றார். பிறகு மெதுவாகக் கைப்பையிலிருந்து ரெக்கார்டரை எடுத்து, ஆரம்பத்திலிருந்து ஓட விட்டார்.

"யாரு அது?" என்றார் இறந்துபோனவர். "யாரு தும்மினது?"

மூக்கைத் துடைத்த கையை நான் கீழே இறக்கவில்லை.

"ஆம்பளைத் தும்மலாச்சே..."

"டீச்சர்," என்றேன். "தற்செயலா இருக்கும். ஊர்ல எத்தனையோ பேர் தும்முறாங்க."

"பூட்டின அறைக்குள்ளே யார் வந்து தும்முவாங்க?" டீச்சர் அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டார். புடவையில் பொடி ஒட்டியதைக்கூட அவர் கவனிக்கவில்லை. "ரெக்கார்டர் நடுவுல இருந்தது. அவர் காது சுவர்ல இருந்தது. சுவர் சொன்னது அவருக்கு மட்டும்தான் கேட்டது. அதனாலதான் பதில் மட்டும் இருக்கு, கேள்வி இல்லை. இந்த ஓட்டுக்குள்ளே போற சத்தம் பின்னாடி ஒரு நாள்தான் வரும்னு நினைச்சார். முன்னாடி கடந்துபோன நாளுக்கும் போகும்னு அவருக்கே கடைசி ராத்திரிதான் தெரிஞ்சிருக்கு."

"அப்போ போலீஸ் தேடுற அந்த ஆம்பளை..."

"நீதான்."

"அன்னிக்கு நான் என் மச்சினன் வீட்டுல சீட்டு விளையாடிக்கிட்டிருந்தேன்! சாட்சி இருக்கு. எங்கிட்ட தோத்தவங்க சாட்சி!"

சிரிப்புக்காகத்தான் சொன்னேன். ஆனால் எனக்கே சிரிப்பு வரவில்லை. செத்துக்கொண்டிருந்த ஒருவர் இருட்டில் யாரு அது என்று கேட்டிருக்கிறார். நான் பதில்கூடச் சொல்லாமல் மூக்கைத் துடைத்துக்கொண்டிருந்திருக்கிறேன்.

டீச்சர் எழுந்து புடவையில் ஒட்டிய பொடியைத் தட்டினார். "இதை இன்ஸ்பெக்டர்கிட்ட சொன்னா நம்ம ரெண்டு பேரையும் ஆஸ்பத்திரியில சேர்ப்பார். கேஸுக்குக் கடிகாரமே போதும். உன் வாட்சைக் கழட்டு."

*

சாயங்காலம் பேராசிரியரின் அறையில் எல்லோரும் கூடினோம். இன்ஸ்பெக்டர், இரண்டு பெண் போலீஸார், நடுவில் பல் டாக்டர். ஒடிசலான பெண்மணி. தூங்கி நாளாகியிருந்தது, ஆனால் நிமிர்ந்தே நின்றார்.

"கடைசியாக் கேட்கறேன்," என்றார் இன்ஸ்பெக்டர். "எதுக்கு வந்தீங்க?"

"மூக்குக் கண்ணாடியை வீட்டுல மறந்துட்டார். கொடுத்துட்டுப் போயிட்டேன். எத்தனை தடவை கேட்டாலும் இதுதான் சார் பதில். எனக்குப் பொய் சொல்ல வராது. வலிக்கும்னா வலிக்கும்னு சொல்லித்தான் பல்லைப் பிடுங்குவேன். இந்தச் சுவர்ல காதை வெக்கச் சொல்லி ஏதாவது கேட்குதான்னு அவர் கேட்டப்பகூட, ஒண்ணும் கேட்கலைன்னுதான் சொன்னேன். அன்னிக்கு அவர் முகம் வாடிப்போச்சு."

டீச்சர் நடுவே புகுந்தார். "டாக்டரம்மா, ஒரு சின்ன உதவி. இந்த வாட்சை அந்த டிராயர்ல வெச்சு மூடுங்க."

என் வாட்ச் கல்யாணத்துக்கு மாமனார் போட்டது. சரியான நேரம் காட்டாது, சத்தம் மட்டும் போடும், அவரைப் போலவே. டாக்டரம்மா அதை வாங்கி, டிராயரைத் திறந்து, போட்டு, மூடினார்.

"நன்றி. இப்போ நீங்க சார்." டீச்சர் வாட்சை எடுத்துப் பஞ்சுவிடம் நீட்டினார். "அதே மாதிரி."

"என்ன விளையாட்டு இது?" என்று அலுத்துக்கொண்டே பஞ்சு அதை வாங்கினார். டிராயரை இழுத்தார். இன்னொரு கை சட்டைப் பையிலிருந்து கைக்குட்டையை எடுத்தது. வாட்சை இரண்டு சுற்று சுற்றி, உள்ளே வைத்து, மூடினார்.



"கைக்குட்டை எதுக்கு சார்?" என்றார் டீச்சர்.

பஞ்சு டிராயரைப் பார்த்தார். பிறகு தன் கையைப் பார்த்தார், அது வேறு யாருடையதோ என்பது போல.

"மர டிராயர் வாட்ச் சத்தத்தைப் பெரிசாக்கும்," என்றார் டீச்சர், இன்ஸ்பெக்டர் பக்கம் திரும்பி. "நமக்கு அது காதுலயே விழாது. சத்தத்தோடயே குடித்தனம் பண்றவங்களால தாங்க முடியாது. டாக்டரம்மா எடுத்திருந்தா அப்படியே போட்டிருப்பாங்க. பேராசிரியர் உள்ளே மாட்டியிருந்தார். திருட்டுத்தனமா ஒளிக்கிற அவசரத்துலயும் துணி சுத்தத் தோணியிருக்குன்னா, அது யாரு?"

"பழக்கம்," என்றார் பஞ்சு. "வெறும் பழக்கம். இது சாட்சியாகாது."

"மஞ்சள் துணி ஆகும். உங்க மைக் பெட்டியை உங்க அறையில பார்த்தேன். ஒவ்வொரு மைக்குக்கும் ஒரு மஞ்சள் துணி. ஒண்ணு மட்டும் மொட்டையாக் கிடக்கு."

பஞ்சு உட்கார்ந்தார். ஏனோ காதிலிருந்த பஞ்சை ஒவ்வொன்றாக எடுத்து மேஜைமேல் வைத்தார்.

"அந்த ஓட்டுல எனக்கும் ஒரு நாள் கேட்டுச்சு," என்றார் தணிந்த குரலில். "போன மாசம் நானே இருமின இருமல். நிஜம்தான்னு தெரிஞ்சுபோச்சு. இத்தனை வருஷம் எல்லார் முன்னாடியும் அவனைக் கோமாளின்னு சிரிச்சேன். அவன் நிரூபிச்சுட்டா யார் கோமாளி? ஆணியில கடிகாரத்தைப் பார்த்தேன். கை நீட்டினேன். அவ்வளவுதான். எடுக்கறதுக்கு ஒரு நிமிஷம்கூட ஆகலை."

இன்ஸ்பெக்டர் அவரை எழுப்பிக் கூட்டிப்போனார். போகும்போது டாக்டரம்மாவிடம் ஏதோ முணுமுணுத்தார். மன்னிப்பு கேட்டு அவருக்குப் பழக்கம் இல்லை.

*

விடுதலையான பெண்மணி வீட்டுக்குப் போவார் என்று நினைத்தேன். அவர் நாற்காலியைப் பிடித்துக்கொண்டு நின்றார்.

"அன்னிக்கு ராத்திரி நான் திரும்பி வரவே இல்லையே. அப்புறம் அவர் யார்கூடப் பேசினார்?"

டீச்சர் சொன்னார். கறையை, காதை, என் தும்மலை. ஒன்றையும் மறைக்கவில்லை. டாக்டரம்மா நம்புவாரா என்று பார்த்தேன். அவர் அழுதார்.

"நான் இப்போ போய்ப் பேசினா, அன்னிக்கு அவருக்குக் கேட்குமா?"

"கேட்டிருக்கு."

"அப்படின்னா வழி சொல்லலாமே! மேலே மூலையில காத்து வர்ற ஓட்டையை அடைச்ச மூடி ஒண்ணு இருக்கு. அதைத் தள்ளச் சொன்னா..." சொல்லிக்கொண்டிருக்கும்போதே அவருக்குப் புரிந்துவிட்டது. தள்ளிப் பார்த்துட்டேன்மா, நகரலை. ஸ்டேஷனில் அவருக்கும் அதைப் போட்டுக் காட்டியிருந்தார்கள்.

டீச்சர் அவர் கையைப் பிடித்துக்கொண்டார். "இன்ஸ்பெக்டர் உங்களுக்குக் கடைசிப் பகுதியைப் போடலை. அதுல அவர் உங்ககிட்ட ஒரு கேள்வி கேட்கிறார். நீங்க ஏதோ பதில் சொல்றீங்க. கேட்டுட்டு அவர் சிரிக்கிறார். என்ன சொன்னீங்கன்னு எனக்குத் தெரியாது. உங்களுக்கும் இன்னும் தெரியாது."

கதவை விரியத் திறந்து வைத்துவிட்டு உள்ளே போனோம். டாக்டரம்மா மூலையில் உட்கார்ந்து, அந்தக் கறைமேல் கன்னத்தை வைத்தார். டீச்சர் ரெக்கார்டரை ஓட விட்டார்.

"என்னங்க," என்றார் சுவரிடம். "நான்தான்."

"பல்லி? நீயா? நீ எப்படி இங்கே?"

சொல்ல வந்ததெல்லாம் அழுகையில் போனது. அழாதே என்றார் அவர். மூடியைப் பற்றி டாக்டரம்மா சொன்னார். சொல்லாமல் இருக்க அவரால் முடியவில்லை. நகரலை என்று பதில் வந்தது. அதற்குப் பிறகு ரெக்கார்டரில் மூச்சிரைப்பு மட்டும். அதற்குப் பிறகு, டாக்டரம்மா இதுவரை கேட்டிராத அந்தக் கேள்வி.

"பல்லி, உள்ளதைச் சொல்லு. நான் வெளியே வந்துடுவேன்ல?"

ரெக்கார்டர் மௌனமாக ஓடியது. டீச்சர் கண்ணை மூடிக்கொண்டார். வாழ்நாளில் ஒரு நோயாளியிடம்கூடப் பொய் சொல்லாத அந்தப் பெண்மணி சுவரோடு சுவராக ஒட்டிக்கொண்டார். குரலில் அழுகை துளிக்கூட இல்லை.

"என்ன கேள்வி இது? வெளியேதான் நிக்கறேன். தாழ்ப்பாள் இறுகிப்போயிருக்கு, அவ்வளவுதான். திறந்துகிட்டே இருக்கேன். இதோ, பாதி வந்துடுச்சு."

ரெக்கார்டருக்குள் அவர் சிரித்தார். நிம்மதியான, தூக்கக் கலக்கமான சிரிப்பு.

"மெதுவா. அவசரத்துல விரலை நசுக்கிக்காதே."

"இல்லை, நசுக்கிக்க மாட்டேன்," என்றார் டாக்டரம்மா. "இன்னும் கொஞ்சம்தான். நீங்க கண்ணை மூடிக்கிட்டு இருங்க. திறந்ததும் எழுப்பறேன்."

அதற்குப் பிறகு அதில் மூச்சுச் சத்தம் மட்டும்தான் இருந்தது. அது நின்ற பிறகும் டாக்டரம்மா நிறுத்தவில்லை. தாழ்ப்பாள் எவ்வளவு நகர்ந்தது, இன்னும் எவ்வளவு பாக்கி என்று சுவரிடம் சொல்லிக்கொண்டே இருந்தார். எங்களுக்குப் பின்னால் கதவு விரியத் திறந்தே இருந்தது.